தொலைவு வளைகோடு

மனிதன் சாவதில்லை, துருப்பிடிக்கிறான்.

பேராசிரியர் இந்த வாக்கியத்தைச் சொல்லாத மேடை கிடையாது. சொல்லிவிட்டு ஒரு கணம் நிறுத்துவார். கண்ணாடியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு, கடைசி வரிசைக்கு அப்பால் எதையோ பார்ப்பார். அங்கே பெரும்பாலும் கழிப்பறைக்கு வழிகாட்டும் பலகைதான் இருக்கும். ஆனால் கேட்பவர்களுக்கு அவர் மனித குலத்தின் எதிர்காலத்தையே பார்ப்பதுபோல் இருக்கும். பிறகு தொடர்வார். நாம் இழுக்கிற மூச்சே நம்மை உள்ளிருந்து அரிக்கிறது. இரும்பு காற்றில் கெடுவதுபோல உயிரணுவும் கெடுகிறது. அந்த அரிப்பைத் தடுக்க உடம்புக்குள் காவலர்கள் உண்டு. எல்லாரையும் ஒன்றாகத் திரட்டினால் ஒரு சிட்டிகை தேறும். அந்தச் சிட்டிகைக்குத் தளபதி துத்தநாகம்.

அடுக்குமாடிக் குடியிருப்போர் சங்கத்தில் தண்ணீர்த் தொட்டியைக் கழுவுவது பற்றிப் பேசக் கூடியபோதும் அவர் இதைச் சொன்னார். செயலாளர் முழுவதையும் பொறுமையாகக் கேட்டுவிட்டு, "அப்ப தொட்டிக்கு உள்பக்கமும் பெயின்ட் அடிச்சிடலாம்னு சொல்றீங்க, இல்லையா சார்?" என்றார். தீர்மானம் ஒருமனதாக நிறைவேறியது.

ஆய்வு நிறுவனத்தில் அவருக்கு ஜிங்க் சார் என்று பெயர். அவருக்கு அது தெரியும், பிடிக்கவும் செய்தது. எத்தனையோ விஞ்ஞானிகள் ஒரு பட்டப்பெயருக்குக்கூட வழியில்லாமல் ஓய்வு பெறுகிறார்கள். அவருக்கோ ஒரு தனிமமே வாய்த்திருந்தது.

அவர் புகழுக்கெல்லாம் மூலம் ஒரே ஒரு வளைகோடு. இளமையில் அவர் நகரத்திலிருந்து மலை வரைக்கும் போகிற ஒரு சாலையைப் பிடித்துக்கொண்டு, வழியில் இருந்த ஊர்களிலெல்லாம் மக்களின் ரத்தத்தைக் கண்ணாடிக் குழாய்களில் எடுத்துவரச் செய்தார். எல்லாவற்றிலும் துத்தநாகத்தை அளந்தார். அளந்ததைத் தாளில் புள்ளி வைத்தபோது அவருக்கே மயிர்க்கூச்செறிந்தது. நகரத்தில் இருப்பவனுக்குக் குறைவு. அடுத்த ஊர்க்காரனுக்குக் கொஞ்சம் கூட. அதற்கடுத்த ஊரில் இன்னும் கூட. சாலை முடிகிற மலையூரில், வானத்தைத் தொடும் அளவு. நகரத்திலிருந்து எவ்வளவு தொலைவோ அவ்வளவு துத்தநாகம். இயற்கை தன் கைப்பட எழுதிக் கொடுத்ததுபோல அப்படி ஒரு வழுவழுப்பான கோடு.

அதற்கு அவர் காரணமும் கண்டுபிடித்தார். தீட்டாத தானியம், கலப்படமில்லாத காற்று, உழைப்பு, பொறாமையின்மை. பொறாமையின்மையை எந்தக் கருவியில் அளந்தார் என்று யாரும் கேட்கவில்லை. பள்ளிப் பாடப்புத்தகத்தில் வளைகோடு ஏறியது. வசதியுள்ளவர்கள் மலையில் வார இறுதி வீடு கட்டினார்கள். அவற்றை விற்ற நிறுவனங்கள் விளம்பரத்தில் கோட்டைப் போட்டன. சுகாதாரத் துறை இன்னும் ஒரு படி மேலே போனது. நாட்டு வரைபடத்தை எடுத்து, தொலைவில் உள்ள பகுதிகளுக்கெல்லாம் பச்சை வண்ணம் பூசியது. பச்சை என்றால் துத்தநாகம் தாராளமாக இருக்கிற இடம். வயிற்றுப்போக்கு வந்த குழந்தைகளுக்குக் கொடுக்கிற துத்தநாக மாத்திரை அங்கே அனுப்பத் தேவையில்லை. மிச்சமான மாத்திரைகள் நகரத்துக்குப் போயின. நகரத்துக் குழந்தைகள் அவற்றைத் துப்பின.

பேராசிரியருக்கு ஒரே பெண். முப்பத்தைந்து வயதாகிற குழந்தை மருத்துவர். வீட்டில் பெயர் பாப்பா. அந்த மலையூர் அரசு மருத்துவமனையில்தான் அவளுக்கு வேலை. "என் வளைகோட்டின் உச்சிப் புள்ளியில் என் மகளையே நிறுத்தியிருக்கிறேன்" என்று பேராசிரியர் மேடையில் சொல்வார். மேலதிகாரியிடம் வாக்குவாதம் செய்ததற்காக அவளை அங்கே தூக்கியடித்தார்கள் என்பது நடந்த விஷயம்.

ஒரு காலை, அவர் செய்தித்தாளில் தன் பெயரைத் தேடிக்கொண்டிருந்தபோது அவள் தொலைபேசியில் கூப்பிட்டாள்.

"அப்பா, ஒண்ணு கேக்கணும். டாக்டரா கேக்கறேன், பொண்ணா கேக்கல."

"பொண்ணாவே கேளு. பதில் சீக்கிரம் கிடைக்கும்."

"இங்க குழந்தைங்க உடம்புல ஜிங்க் இல்லப்பா."

பேராசிரியர் வாய்விட்டுச் சிரித்தார். "நீ இருக்கிற ஊர்ல ஜிங்க் இல்லேன்னு சொல்றது கடல்ல தண்ணி இல்லேன்னு சொல்ற மாதிரி இருக்கு, பாப்பா."

"கடல்ல நிக்கறவ நான்தான். கால் நனையல."

அவர் சிரிப்பதை நிறுத்தினார். அவள் அடுக்கிக்கொண்டே போனாள். "வாயோரம் புண்ணு. முடி கொட்டுது. ஏழு வயசுப் பொண்ணு ஒருத்தி, நாலு வயசுச் சட்டையப் போட்டா தொளதொளன்னு நிக்குது. சாப்பாடு எப்படி இருக்குன்னு கேட்டா, காகிதம் மாதிரி இருக்குங்கறா. ருசியே தெரியல அவளுக்கு. பேதி வந்தா நிக்கவே மாட்டேங்குது. மழை ஆரம்பிச்சிட்டா வார்டு தாங்காதுப்பா. மாத்திரை கேட்டா, உங்க பகுதி பச்சைங்கறாங்க."

"நீ வாங்கிக் குடுக்க வேண்டியதுதானே?"

"என் வார்டுக்கு வாங்கினேன். அதையும் பறிமுதல் பண்ணிட்டு மெமோ குடுத்திருக்காங்க. படிக்கட்டுமா? 'பச்சைப் பகுதியில் துத்தநாகம் வழங்குவது அறிவியலுக்கு முரணானது.' கீழ ஆதாரம்னு உங்க பேரு போட்டிருக்கு."

"முழுப் பேரா, சுருக்கமாவா?" என்று பேராசிரியர் கேட்டுவிட்டார். பழக்க தோஷம்.

"முழுப் பேரு. பட்டங்களோட" என்றாள் அவள்.

ரத்தத்தை அனுப்பு, நான் அளந்து காட்டுகிறேன் என்று அவர் சொன்னார். மகளின் தவறை மகளுக்கே புரியவைப்பது ஒரு தகப்பனின் கடமை என்று அவருக்குத் தோன்றியது. அதே சாலையில், அதே தொலைவைக் கடந்து ரத்தம் வந்து சேர்ந்தது. நிறுவனத்தின் ஆய்வகத்தில் அதைக் கருவியில் ஓட்டினார்கள். அவர் தன் வாழ்நாளில் பார்த்ததிலேயே குறைவான அளவு வந்தது.

"கருவி கெட்டுப்போச்சு" என்றார் பேராசிரியர்.

"மூணு தடவை ஓட்டியாச்சு சார்" என்றாள் ஆய்வகத்தைப் பார்த்துக்கொள்ளும் பெண். "சந்தேகமா இருந்தா என் ரத்தத்தையும் ஓட்டிக் காட்டறேன்."

காட்டினாள். அவளுக்குத் துத்தநாகம் நன்றாகவே இருந்தது. "உங்க கணக்குப்படி நான் மலை உச்சியில குடியிருக்கணும் சார்" என்று சிரித்தாள். அவள் நிறுவனத்துக்கு எதிர்ச்சந்தில் குடியிருந்தாள்.

பேராசிரியர் தன் அறைக்கு வந்து உட்கார்ந்தார். மேஜைமேல் ஒரு அட்டைப்பெட்டி இருந்தது. இப்போது புழக்கத்தில் உள்ள ரத்தக் குழாய்கள் வரும் பெட்டி. காலியான பெட்டிகளில் ஒன்றை அவர் பல ஆண்டுகளாகக் காப்பிக் கோப்பை வைக்கும் பீடமாகப் பயன்படுத்தி வந்தார். கோப்பையை எடுத்தபோது, அதன் அடிவட்டக் கறைக்குக் கீழே அச்சிட்டிருந்தது கண்ணில் பட்டது: உலோகத் தடயம் நீக்கப்பட்ட மூடிகள்.

நீக்கப்பட்டது என்றால், முன்பு இருந்திருக்கிறது.

பழைய கண்ணாடிக் குழாய்களுக்குச் சாம்பல் நிற ரப்பர் மூடி. ரப்பரை இறுக்கமாக்கத் துத்தநாக ஆக்ஸைடு சேர்ப்பார்கள். இது பெரிய ரகசியமில்லை. வேதியியல் படிக்கும் கல்லூரி மாணவன் முதலாண்டில் மனப்பாடம் செய்து இரண்டாம் ஆண்டில் மறந்துபோகிற சங்கதி. பேராசிரியர் அதை நூற்றுக்கணக்கானவர்களுக்குப் பாடமாக நடத்தியிருந்தார்.

பொருள் அறையைத் திறக்கச் சொல்லி, யாரும் தூக்கிப்போட மனமில்லாமல் வைத்திருந்த பழைய குழாய்ப் பெட்டி ஒன்றைத் தானே தூக்கிவந்தார். ரத்தம்கூட வேண்டாம் என்று சுத்தமான வடிநீரை ஊற்றி மூடினார். சிலவற்றை நிமிர்த்தி வைத்தார். சிலவற்றைப் படுக்க வைத்தார், தண்ணீர் மூடியில் படும்படி. மறுநாள் அளந்தார். நிமிர்ந்து நின்ற தண்ணீர் தண்ணீராகவே இருந்தது. படுத்திருந்த தண்ணீர் ஒரே நாளில் நகரத்து இளைஞனைவிட ஆரோக்கியம் அடைந்திருந்தது. அடுத்த நாள் அது விவசாயி ஆகிவிட்டது.

இருந்தாலும் விஞ்ஞானி என்றால் முழுச் சோதனையும் செய்யாமல் முடிவுக்கு வரக்கூடாது. அவர் தன் கையிலிருந்தே ரத்தம் எடுக்கச் சொல்லி, ரப்பர் மூடிக் குழாய்களில் நிரப்பி, வீட்டுக்குக் கொண்டுவந்து காரின் பின்னிருக்கையில் படுக்க வைத்தார். அவர் மனைவி பள்ளிக்கூடத்தில் கணக்கு வாத்தியாராக இருந்து ஓய்வு பெற்றவர். மாடியிலிருந்து எட்டிப் பார்த்தார்.

"ஏங்க, என்ன அது?"

"என் ரத்தம்."

"எங்க கூட்டிட்டுப் போறீங்க அதை?"

அவர் காரில் ஏறிக்கொண்டார்.

"எங்க சார் போகணும்?" என்றார் ஓட்டுநர்.

"எங்கயும் இல்ல. சும்மா சுத்து. குலுங்கற ரோடாப் பார்த்துப் போ."

"அதுக்குத் தனியா பார்க்க வேணாம் சார். நேராப் போனாலே போதும். எவ்வளவு நேரம்?"

"மலைக்குப் போய்ச் சேர்ற நேரம்."

ஓட்டுநர் கண்ணாடியில் பின்னால் பார்த்தார். "அப்ப மலைக்கே போயிடலாமே சார். டாக்டரம்மாவையும் பார்த்த மாதிரி இருக்கும்."

பேராசிரியருக்கு அது தோன்றவே இல்லை. தோன்றாததை ஒப்புக்கொள்ளவும் முடியவில்லை. "சோதனைக்கு நகரம்தான் சரி" என்றார்.

அவர்கள் நகரத்தைச் சுற்றினார்கள். பாலத்தடியில், சந்தைக்குப் பின்புறம், தோண்டிப்போட்டு மூடாத தெருக்களில். அவ்வப்போது ஓர் ஓரமாக நிறுத்தி ஒரு குழாயை எடுத்து, அதிலிருந்ததைப் புது மூடிக் குழாய்க்கு மாற்றி, பனிக்கட்டிப் பெட்டிக்குள் வைத்துக்கொண்டார். மாலையில் ஆய்வகத்தில் எல்லாவற்றையும் அளந்து, தாளில் புள்ளி வைத்தார்.

அதே வளைகோடு வந்தது. கிளம்பும்போது அவர் நகரவாசி. சந்தையைத் தாண்டியபோது சிற்றூர்க்காரர். தோண்டிப்போட்ட தெருவில் மலைவாசி. வண்டி ஓட ஓட அவர் தீட்டாத தானியம் தின்று, உழைத்து, பொறாமையை விட்டொழித்திருந்தார். எல்லாம் பின்னிருக்கையில் நடந்திருந்தது.

வாழ்நாள் முழுவதும் அவர் அளந்தது மக்களை அல்ல. சாலையை.

கோடு எவ்வளவு அழகாக வந்திருந்தது என்றால், அவருக்கு முதலில் எழுந்தது பெருமிதம். தன் கை இன்னும் நடுங்காமல் புள்ளி வைக்கிறதே என்ற பெருமிதம். அது வடிந்த பிறகுதான் மற்றது வந்தது. பச்சை வண்ணம் பூசிய வரைபடம் கண்முன் நின்றது. எவ்வளவு காலம், எத்தனை ஊர், ஊருக்கு எத்தனை குழந்தைகள் என்று கணக்குப் போடத் தெரிந்தவர் அவர். போடவில்லை. தாளைக் கவிழ்த்து வைத்துவிட்டு, ஆய்வகப் பெண் விளக்கணைக்க வரும்வரை அப்படியே உட்கார்ந்திருந்தார்.

காலையில் மகளைக் கூப்பிட்டார். சொல்ல ஆரம்பித்து, நடுவில் குழாய், ரப்பர், ஆக்ஸைடு என்று விளக்கத்துக்குள் போய் ஒளிந்துகொண்டார். அவள் இடைமறித்தாள்.

"ரப்பரா?"

"ரப்பர்."

அவள் திட்டுவாள் என்று எதிர்பார்த்தார். திட்டியிருந்தால் தேவலை.

"அந்தக் காகிதம் மாதிரி இருக்குன்னு சொன்ன பொண்ணு நேத்து போயிட்டாப்பா" என்றாள். "நேத்துதான் இங்க மழை ஆரம்பிச்சது. நாலு நாளா வயித்தால போய்ட்டிருந்தது."

அவர் வாயைத் திறப்பதற்குள் அவளே தொடர்ந்தாள்.

"அழறதுக்கு இப்ப நேரமில்ல. வார்டுல ஒரு கட்டிலுக்கு ரெண்டு பேரு படுத்திருக்காங்க. நீங்க யார்கிட்ட சொல்லணுமோ சொல்லி, அந்தப் பச்சைய எடுக்கச் சொல்லுங்க. மாத்திரை கிடங்குல கிடக்குது, வண்டி ஏத்தினா ரெண்டு நாள்ல இங்க வந்துடும். எனக்கு வேற ஒண்ணும் வேணாம்."

பேராசிரியர் அன்றே சுகாதாரத் துறைக்குத் தொலைபேசினார். ஊட்டச்சத்துப் பிரிவு அதிகாரி அவர் குரலைக் கேட்டதும் எழுந்து நின்றுவிட்டதாகச் சொன்னார்.

"ஐயா, நீங்க சொல்றது புரியுது. ஆனா நீங்களே சொன்னாலும் உங்களை எதிர்த்து நாங்க ஒண்ணும் செய்ய முடியாது."

"நான்தானய்யா தப்புன்னு சொல்றேன்!"

"பெரியவங்க அப்படித்தான் சொல்வீங்க. வரைபடத்தை மாத்தணும்னா நிபுணர் குழு கூடணும். குழுத் தலைவர் நீங்கதான், அந்த வகையில ரொம்ப சௌகரியம். உறுப்பினர்தான் சிக்கல். ஒருத்தர் வெளிநாட்டுல மகன் வீட்டோட போயிட்டாரு. ஒருத்தருக்கு நினைவு தப்பிடுச்சு, ஆனா கையெழுத்து போடுவாரு. மீதி இருக்கறது உங்க இயக்குநர்."

இயக்குநர் பேராசிரியரின் பழைய மாணவர். இப்போது அவருடைய முழு வேலையும், நிறுவனத்தின் புதுக் கட்டடத்தைப் பேராசிரியர் பெயரில் திறக்கும் விழா. அந்தக் கட்டடத்தின் படிக்கட்டுக் கைப்பிடியை வளைகோட்டின் வடிவத்திலேயே எஃகில் வார்த்திருந்தார்கள். கீழ்ப்படியில் அது முழங்காலுக்கு வந்தது. மேல்படியில் தலைக்கு மேலே போனது. இடையில் ஐந்தாறு படிகளில் மட்டும் பிடித்துக்கொள்ளலாம்.

இயக்குநர் கதவைச் சாத்திவிட்டுக் கேட்டார். கேட்டு முடிக்கும்போது அவர் முகம் சுண்டிப்போயிருந்தது.

"சார், நீங்க சொல்றது சரின்னே வெச்சுக்குவோம். அதுக்காக உண்மைய இப்படி அவசரப்படுத்தணுமா?"

"குழந்தைங்க சாகுதுப்பா அங்க."

"சாகறது கஷ்டம்தான் சார். நான் இல்லேங்கல. ஆனா என் முனைவர் பட்டமே அந்தக் கோட்டோட ஒரு வளைவு. எனக்குக் கீழ பட்டம் வாங்கினவங்க, அவங்களுக்குக் கீழ வாங்கினவங்க... இத்தனை பேரையும் ரப்பர்னு சொல்லிடுவீங்களா?"

"அதைத்தான் சொல்றேன்."

இயக்குநர் மேஜையில் இருந்த தண்ணீரை எடுத்து ஒரே மூச்சில் குடித்தார். பிறகு, எப்போதும் காரியம் தெரிந்தவரான அவர், குரலைத் தணித்துக்கொண்டு ஒரு வழி சொன்னார். குழு கூடுவதற்கு இந்த ஆண்டு போதாது. ஆனால் திறப்பு விழாவுக்குச் சுகாதாரத் துறைச் செயலாளர் வருகிறார். அவர் நினைத்தால் குழுவும் வேண்டாம், கூட்டமும் வேண்டாம். மேடையிலேயே உத்தரவு போடலாம். "உங்களுக்கு ஏற்புரை இருக்கு சார். அதுல சொல்லிக்குங்க. நான் கேக்காத மாதிரி இருந்துடறேன்." விழாவுக்கு ஒரு வாரம்கூட இல்லை.

இந்தச் செய்தியை மகளிடம் சொன்னபோது அவளுக்கு முதல்முறையாகக் குரல் கொஞ்சம் உயிர்பெற்றது.

"செயலாளர் உங்க பக்கத்துலயா உக்காருவாரு?"

"பக்கத்து நாற்காலி."

"அப்ப ஒரே ஒரு வரிதான்பா. பச்சைய எடுத்துட்டு நாளைக்கே மாத்திரைய ஏத்துங்க. அவ்வளவுதான். ரப்பர் கதைகூட வேணாம்."

"ரப்பர் இல்லாம அந்த வரிக்கு ஆதாரம் ஏது?"

"சரி, எப்படியாவது சொல்லுங்க."

பேராசிரியர் உரை எழுத உட்கார்ந்தார். எழுத எழுத அவருக்குள் ஏதோ இளகிற்று. தன்னை மறைக்காமல், ஒரு சமாதானமும் சொல்லாமல் எழுதினார். முதல் பக்கத்தில் வளைகோடு பிறந்த கதை, அது வளர்ந்த கதை, ரப்பர் மூடி, கார்ச் சவாரி. இரண்டாம் பக்கத்தில், தன் தவறால் மலையில் என்ன நடக்கிறது, அந்தப் பெண் குழந்தை, மழை, கடைசியில் செயலாளருக்கு அந்த ஒரு வரி. மூன்று முறை அடித்து எழுதினார். தன் வாழ்க்கையிலேயே சிறந்த உரை இதுதான் என்று அவருக்குத் தோன்றியது. அப்படித் தோன்றியதற்காகக் கொஞ்சம் வெட்கப்பட்டார். வெட்கப்பட்டதும் நன்றாகவே இருந்தது. மனைவியிடம் படித்துக் காட்டினார்.

மனைவி கேட்டு முடித்து, கண்ணைத் துடைத்துக்கொண்டு, "அந்தக் கடைசி வரிய முதல்ல சொல்லிடுங்க" என்றார்.

"முதல்லயா?"

"ஆமா. மைக்கப் பிடிச்சதும் அதைச் சொல்லுங்க. அப்புறம் காரோ ரப்பரோ எதை வேணாலும் சொல்லுங்க."

"ஒரு உரைக்கு ஒரு கட்டுக்கோப்பு இருக்கும்மா. எடுத்த எடுப்புல சொன்னா அதுல என்ன அழுத்தம் இருக்கு?"

"அழுத்தம் யாருக்கு வேணும்? அங்க பிள்ளைங்க தண்ணியா போயிட்டிருக்கு."

"நீ கணக்கு வாத்தியார். உனக்கு விடை மட்டும் போதும். கேக்கறவங்களுக்கு வழி தெரியணும்."

மனைவி காகிதத்தை மடித்துப் பேராசிரியரின் சட்டைப் பையில் வைத்தார்.

விழாவன்று அரங்கம் நிரம்பியிருந்தது. மூவர் பேசினார்கள். மூவரும் வளைகோட்டைக் கையால் காற்றில் வரைந்து காட்டினார்கள். மூன்றும் மூன்று விதமாக இருந்தன. செயலாளர் பக்கத்து நாற்காலியில் அடக்கமாக உட்கார்ந்து, அடுத்த விழாவுக்கு நேரமாகிறதா என்று பார்த்துக்கொண்டிருந்தார். பேராசிரியரை அழைத்தார்கள். அவர் எழுந்து, பையிலிருந்த காகிதத்தைக் கையில் எடுத்துக்கொண்டு மைக்கிடம் போனார். வழக்கமான துரு வாக்கியத்தைச் சொல்லவில்லை.

"இன்னைக்கு நான் ஒரு தவறை ஒப்புக்கொள்ள வந்திருக்கேன்" என்றார்.

இயக்குநர் கூரையைப் பார்த்தார்.

பேராசிரியர் வாழ்நாளெல்லாம் மேடையில் நின்றவர். எங்கே குரலை இறக்க வேண்டும், எங்கே மூச்சு விட வேண்டும் என்று அவர் உடம்புக்குத் தெரியும். அவர் யோசிக்கவில்லை, உடம்பே பேசியது. படுக்க வைத்த தண்ணீர் விவசாயியான இடத்தில் முன்வரிசை சிரித்தது. "எங்க கூட்டிட்டுப் போறீங்க அதை" என்று மனைவி கேட்டதைச் சொன்னபோது எல்லாரும் சிரித்தார்கள். எழுதிவைத்ததில் அந்த வரி இல்லை; அந்தக் கணத்தில் சேர்த்தார். ஓட்டுநரின் பேச்சையும் சேர்த்தார். சாலையில் இருந்த ஒரு குழியை இரண்டாக்கினார். செயலாளர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். சிரிப்பு அடங்கக் காத்திருந்து, கண்ணாடியைக் கழற்றி, குரலை நன்றாக இறக்கிச் சொன்னார்:

"வாழ்க்கை முழுக்க நான் அளந்தது மனிதர்களை இல்ல. ஒரு ரப்பர் மூடிய."

அது முதல் பக்கத்தின் கடைசி வரி.

யாரோ எழுந்தார்கள். அப்புறம் அரங்கமே எழுந்து நின்று கை தட்டியது. இப்படி ஒரு தன்னடக்கத்தை அவர்கள் பார்த்ததில்லை. இயக்குநர் கைக்குட்டையை எடுத்துக் கண்ணில் வைத்துக்கொண்டார். நிம்மதியில் உண்மையாகவே அழுகை வந்திருந்தது. "எவ்வளவு பெரிய மனுஷன், எவ்வளவு சாதாரணமா தன்னைத்தானே கிண்டல் பண்ணிக்கறாரு" என்று பின்னால் ஒருவர் சொன்னது மைக்கிலேயே கேட்டது. மூன்றாம் வரிசையில் அவர் மனைவி மட்டும் உட்கார்ந்தபடியே, கையை ஆட்டி ஆட்டி எதையோ சொல்லிக்கொண்டிருந்தார். தொடருங்கள் என்று சொல்வதுபோல் இருந்தது.

பேராசிரியர் கைதட்டல் அடங்கட்டும் என்று நின்றார். அது அடங்கவில்லை. அவர் ஒருமுறை கைகூப்பினார். அது இன்னும் பலத்தது. இதற்குமேல் ஒரு குழந்தையின் சாவைச் சொல்வது எப்படி என்று யோசித்தார். சிரித்துக் களைத்து, நெகிழ்ந்து, நல்லவர்களாக நின்றிருந்த அந்த முகங்களை ஒரு பேதி வார்டுக்குள் இழுத்துப்போவது பேச்சுக் கலைக்கே பொருந்தாது. செயலாளரிடம் நேரில் சொல்லிக்கொள்ளலாம், அதுதான் முறை, பக்கத்து நாற்காலிதானே. அவர் வந்து உட்கார்ந்தார். உட்கார்ந்த பிறகுதான் இரண்டாம் பக்கம் கையிலேயே இருப்பதைப் பார்த்தார்.

செயலாளர் அவர் கையைப் பிடித்துக் குலுக்கினார். "அந்தக் கார் கதை பிரமாதம் சார். வயிறு வலிச்சுப்போச்சு. எங்க துறைப் பயிற்சிக்கு ஒருநாள் வந்து இதை அப்படியே சொல்லணும்."

"கண்டிப்பா" என்றார் பேராசிரியர். "அதுல இன்னொரு விஷயம், மலையில..."

"மலைய விடுவமா சார்? அதான் உங்க உச்சிப் புள்ளி!" செயலாளர் எழுந்துவிட்டார். புகைப்படக்காரர் எல்லாரையும் நெருங்கி நிற்கச் சொன்னார். பேராசிரியரை நடுவில் நிறுத்தினார்கள். சட்டைப் பையில் தொலைபேசி அதிர்ந்தது. எடுத்துப் பார்த்தார். பாப்பா. அது அதிர்ந்து நின்று, மறுபடியும் அதிர்ந்தது.

"சார், இங்க பாருங்க" என்றார் புகைப்படக்காரர்.

அவர் தொலைபேசியைப் பைக்குள் போட்டார். படம் எடுத்து முடிந்ததும் செயலாளர் அடுத்த விழாவுக்குக் கிளம்பிப் போய்விட்டார்.

மறுநாள் படம் செய்தித்தாளில் வந்தது. பேராசிரியர் சிரித்திருக்கிறார்.